பத்தாவது தடை

இசையையும் மனித உரிமைச் சட்டத்தையும் சேர்த்துவைத்துப் படிக்கிற போக்கு ஒன்று இப்போது சட்டக் கல்லூரிகளிலும் பல்கலைக்கழகங்களிலும் தலைகாட்டியிருக்கிறது. நல்ல காரியம்தான். ஆனால் அந்தப் பிள்ளைகள் கையில் கிடைக்கிற வாசிப்புப் பட்டியலை வாங்கிப் பார்த்தால் எனக்குச் சலிப்புத் தட்டுகிறது. 1973இல் சிலி நாட்டு ராணுவம் சித்திரவதை செய்து சுட்டுக் கொன்ற பாடகர் விக்டர் ஹாரா இருக்கிறார். கலை வெளிப்பாட்டுச் சுதந்திரம் பற்றி ஐ.நா.வின் பண்பாட்டு உரிமைச் சிறப்பு அறிக்கையாளர் ஃபரீதா ஷஹீத் 2013இல் கொடுத்த அறிக்கை இருக்கிறது. உள்ளூருக்கு வந்தால், டாஸ்மாக்கை எதிர்த்துப் பாடியதற்காக 2015 அக்டோபரில் ராஜத்துரோகப் பிரிவில் கைது செய்யப்பட்ட மக்கள் கலை இலக்கியக் கழகத்துப் பாடகர் கோவன் இருக்கிறார். இருக்க வேண்டியவர்கள்தான், யாரையும் எடுக்கச் சொல்லவில்லை. ஆனால் பட்டியல் முழுவதும் ஒரே அச்சில் வார்த்தது. ஒருவன் பாடுகிறான், அதிகாரம் அவன் வாயை அடைக்கிறது. பாட விரும்பியவனைப் பாடவிடாமல் செய்வதுதான் இசையில் நடக்கிற உரிமை மீறல் என்கிற ஒற்றைப் புரிதல் இது.

கொட்டடிக்க மாட்டேன் என்று சொன்னவனை அடித்துக் கொட்டடிக்க வைக்கிறார்களே, அது எந்தப் பட்டியலில் வரும்? சேரிக்காரன் தன் கல்யாணத்துக்கு மேளம் வைக்கக் கூடாது, ஆனால் ஊர்க்காரன் சாவுக்கு விடிய விடியத் தப்படிக்க வேண்டும் என்கிற நியாயம் எந்த அத்தியாயத்தில் வரும்? எங்கள் பக்கத்தில் இசையின் மேல் அதிகாரம் செலுத்துவது என்றால் வாயை அடைப்பது மட்டும் இல்லை. வாயைத் திறக்கச் சொல்லி உதைப்பதும்தான்.

எனவே மதுரையிலிருந்து இந்தப் படிப்பைத் தொடங்குகிறவர்கள் 1931இல் இருந்து தொடங்க வேண்டும் என்பேன். ராமநாதபுரம் ஜில்லா 1910இல்தான் மதுரை, திருநெல்வேலி ஜில்லாக்களிலிருந்து பிரிந்தது. மண்ணும் மனுசரும் வேறில்லை. அங்கே 1930 டிசம்பரில் கள்ளர்கள் ஆதிதிராவிடர்கள் மேல் எட்டுத் தடைகள் விதித்தார்கள். நகை போடாதே, முழங்காலுக்குக் கீழே வேட்டி இறக்காதே, சட்டை பனியன் போடாதே, முடி வெட்டாதே, குடை பிடிக்காதே, செருப்புப் போடாதே என்று. ஆட்கள் கேட்கவில்லை. குடிசைகள் எரிந்தன. 1931 ஜூனில் எட்டு பதினொன்றானது. 1931 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின் ஆணையராக இருந்த ஹட்டன், 1946இல் வந்த தன் இந்தியச் சாதி பற்றிய நூலில் இந்தப் பதினொன்றையும் வரிசையாகக் கொடுத்திருக்கிறார். பிள்ளைகள் படிக்கக் கூடாது, நிலத்தை வாரத்துக்கோ குத்தகைக்கோ பிடிக்கக் கூடாது, சொந்த நிலத்தை மிராசுதாருக்கே விற்றுவிட வேண்டும், காலை ஏழிலிருந்து சாயந்தரம் ஆறுவரை ஆணுக்கு நாலணாக் கூலி, பெண்ணுக்கு ரெண்டணாக் கூலி. இப்படிப் போகிறது பட்டியல். பத்தாவது தடை இசை பற்றியது. ஆதிதிராவிடரும் தேவேந்திரகுலத்தாரும் தங்கள் கல்யாணத்திலோ மற்ற விசேஷங்களிலோ மேளம் முதலிய இந்திய இசையை வைத்துக்கொள்ளக் கூடாது. பதினொன்றாவது தடை, தாலி கட்டுவதற்கு முன் குதிரையில் ஊர்வலம் போகிற வழக்கத்தை விட்டுவிட வேண்டும் என்பது.

நிலம், கூலி, படிப்பு இவற்றுக்குப் பக்கத்தில் மேளத்தையும் வைத்தார்கள் பாருங்கள், அங்கேதான் விஷயம். இசை என்பது மனசுக்கு இதமான சங்கதி, உரிமைப் பட்டியலில் கடைசியில் வைத்துக்கொள்ளலாம் என்று நம்மில் பலர் நினைக்கிறோம். தடை போட்டவர்கள் அப்படி நினைக்கவில்லை. யார் அடிக்கலாம், யாருக்காக அடிக்கலாம், எந்தக் கருவி, எந்தத் தெருமுனைவரை, எந்த இடத்தில் நிறுத்தவேண்டும் என்று ஊர்ச் சட்டம் மகா நுணுக்கமாக வகுத்து வைத்திருந்தது. இசைக்கு இவ்வளவு மதிப்புக் கொடுத்த சட்டம் உலகத்தில் வேறெங்கும் இருக்குமா என்பது சந்தேகம்தான்!

ஊர்ச் சட்டம் இவ்வளவு நுணுக்கமாகக் கேட்ட இசையை அரசியல் சட்டத்தின் கீழ் வந்த சட்டங்கள் எப்படிக் கேட்டிருக்கின்றன? நான் வக்கீல் இல்லை. தமிழ் எம்.ஏ. படித்தவள். பழைய உரைகாரர்கள் சூத்திரத்தைப் படிக்கிற மாதிரி, சொல்லப்பட்டது எது, சொல்லப்படாமல் ‘பிற’ என்பதற்குள் தள்ளப்பட்டது எது என்று பார்க்கத்தான் எனக்குத் தெரியும். அப்படியே பார்க்கிறேன்.

1955ஆம் ஆண்டுச் சட்டம் 1976இல் திருத்தப்பட்டுக் குடியியல் உரிமைப் பாதுகாப்புச் சட்டம் என்று பெயர் மாறியது. காட்டுமன்னார்கோயில் பக்கத்துக்காரரான எல். இளையபெருமாள் தலைமையில் அமைந்த குழு 1969இல் கொடுத்த அறிக்கையே அதற்கு அடிப்படை. அப்போது புதிதாகச் சேர்ந்தது 7ஏ பிரிவு. தீண்டாமையின் பேரில் ஒருவரைக் கட்டாயப்படுத்தி மலம் அள்ளவோ பெருக்கவோ, செத்த மிருகத்தை அப்புறப்படுத்தவோ, தோலுரிக்கவோ, தொப்புள்கொடி அறுத்து அப்புறப்படுத்தவோ செய்தால் குற்றம். பிறகு ஒரு வால்: ‘இதுபோன்ற வேறு வேலை.’ 1989இல் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் வந்தது; பிகார் என்கிற வெட்டிவேலை வாங்குவதைக் குற்றம் என்றது. 2015இல் திருத்தி 2016 ஜனவரி 26 முதல் நடைமுறைக்கு வந்த வடிவத்தில், மனித, மிருகப் பிணங்களை அப்புறப்படுத்தவோ சுமக்கவோ, குழி வெட்டவோ வைத்தால் குற்றம் என்று தனியாகவே எழுதிவிட்டார்கள். புதுத்துணி உடுத்துவதை, செருப்புப் போடுவதை, சைக்கிள் மோட்டார் சைக்கிள் ஓட்டுவதை, கல்யாண ஊர்வலம் போவதை, அதில் குதிரை ஏறுவதைத் தடுத்தாலும் குற்றம்.

ஆக, ராமநாதபுரத்தின் பதினொன்றாவது தடைக்கு 84 வருடம் கழித்துச் சட்டம் பெயர் சொல்லிப் பதில் கொடுத்திருக்கிறது. குதிரைக்குப் பதில் வந்துவிட்டது. செருப்புக்கும் வந்துவிட்டது. பத்தாவது தடைக்கு வரவில்லை. மேளம் என்ற சொல்லோ, பறை என்ற சொல்லோ, இசை என்ற சொல்லோ அந்தப் பட்டியலில் இல்லை. செத்த மாட்டைத் தூக்கச் சொன்னால் குற்றம். குழி வெட்டச் சொன்னால் குற்றம். அந்தக் குழிவரைக்கும் பாடைக்கு முன்னால் அடித்துக்கொண்டு போகச் சொன்னால்? ‘இதுபோன்ற வேறு வேலை’ என்று 1976ஆம் வருசத்து வாலைப் பிடித்துக்கொண்டு தொங்க வேண்டியதுதான்.

தோழர்களான வக்கீல்கள் இதை ஒப்புக்கொள்ள மாட்டார்கள். ஊர்வலம் என்றால் மேளமும் அடக்கம்தானே என்பார்கள். குடியியல் உரிமைச் சட்டத்தின் 4ஆம் பிரிவிலேயே சமூகச் சடங்குகளை நடத்தும் உரிமை இருக்கிறதே என்பார்கள். கட்டாயமாக அடிக்க வைப்பது வெட்டிவேலைக்குள் வரும், 23ஆம் உறுப்பு இருக்கிறது என்பார்கள். வரும்தான். வாதாடி உள்ளே கொண்டுவரலாம். ஆனால் போலீஸ் ஸ்டேஷனில் யார் வாதாடுவது? பெயர் சொல்லப்பட்ட குற்றத்தையே பதிவு செய்யவைக்க நாள் கணக்கில் உட்கார்ந்து கிடக்கிறோம். பெயர் சொல்லாத குற்றத்தை ‘பிற’வுக்குள் இருந்து உருவியெடுத்து எழுதவைக்க எந்த ஏட்டையாவிடம் போவது?

வெட்டிவேலை என்ற வாதத்தில் இன்னொரு முடிச்சு இருக்கிறது. அதற்கு எங்கள் பெரியப்பா கதையைச் சொல்லவேண்டும்.

எங்களுடையது வைகைப் பாசனத்து ஊர். பெயர் வேண்டாம், எங்கள் ஆட்கள் இன்னும் அங்கேதான் குடியிருக்கிறார்கள். பெரியப்பா தப்படிக்கிறவர். அறுப்புக் காலத்தில் களத்துமேட்டில் அவருக்கென்று சில மரக்கால் நெல் ஒதுக்குவார்கள். ஊருக்கு ஊழியம் செய்கிறவர்களுக்குக் களத்தில் கொடுக்கிற அந்தப் பங்குக்குப் பெயர் என்ன தெரியுமா? சுதந்திரம்! “சுதந்திரம் வாங்கிட்டு வந்துட்டியாய்யா?” என்று அப்பத்தா கேட்டதை என் காதால் கேட்டிருக்கிறேன். அந்த நெல்லை வாங்கியவன் வருசம் முழுக்க, எந்தத் தெருவில் எந்த நேரத்தில் கேதம் விழுந்தாலும் போகவேண்டும். காய்ச்சல் என்றாலும், மழை என்றாலும், தன் வீட்டில் விசேஷம் என்றாலும். ஒரு வருசம் பெரியப்பா, மூத்த மகளுக்குப் பரிசம் போடுகிற நாளில் கூப்பிட வந்தவர்களிடம் முடியாது என்றார். “நெல்லத் திருப்பிக் குடுத்துட்டு அப்புறம் பேசுடா” என்றார்கள். ஆட்டை விற்று, நெல்லை அளந்து, ரெண்டு மூட்டையாகக் கட்டித் தலைச்சுமையாகக் கொண்டுபோய் மந்தையில் இறக்கினார். ஒருத்தரும் தொடவில்லை. வாங்கிவிட்டால் கணக்குத் தீர்ந்துவிடுமே! அந்த நெல் மூட்டை மந்தையிலேயே கிடந்து மழையில் நனைந்து முளைவிட்டது. பெரியப்பாவுக்கு அதன்பிறகு யாரும் வயலில் வேலை கொடுக்கவில்லை. மதுரைக்கு வந்து மூட்டை தூக்கினார்.

இது வெட்டிவேலையா? கூலி கொடுத்தார்களே, எப்படி வெட்டியாகும் என்று கேட்க ஆள் இருக்கிறது. 1982இல் உச்ச நீதிமன்றம், ஆசிய விளையாட்டுக் கட்டுமானத் தொழிலாளர் வழக்கில், குறைந்தபட்சக் கூலிக்குக் கீழே வேலை வாங்குவதும் கட்டாய உழைப்பே என்றும், வேறு வழியில்லாத வறுமையும் ஒரு கட்டாயம்தான் என்றும் சொன்னது. 1976ஆம் ஆண்டுக் கொத்தடிமை ஒழிப்புச் சட்டம் இன்னும் ஒருபடி மேலே போய், கடன் மட்டுமில்லாமல், வழக்கத்தால் வந்த கடமையின் பேரிலும், ஒரு குறிப்பிட்ட சாதியில் பிறந்ததன் பேரிலும் வாங்குகிற வேலையையும் கொத்தடிமை என்றே வரையறுத்திருக்கிறது. செங்கல் சூளையையும் அரிசி ஆலையையும் கண்டுபிடிக்கிற அதிகாரிகளுக்கு இந்த வரி கண்ணில் படுவதில்லை. மந்தையில் முளைவிட்ட நெல் மூட்டையைவிடக் கொத்தடிமைக்கு வேறென்ன சாட்சி வேண்டும்?

அரசாங்கமே இதில் கை நனைத்திருக்கிறது என்பதையும் சொல்லிவிட வேண்டும். வெட்டி என்ற சொல் சோழர் கல்வெட்டிலேயே இருக்கிறது. அரசுக்குச் செய்யவேண்டிய கூலியில்லா உழைப்பு. சுதந்திர இந்தியாவின் அரசியல் சட்டமும் 23ஆம் உறுப்பில் வெட்டிவேலையைத் தடைசெய்துவிட்டு, பொதுக் காரியத்துக்காக அரசு கட்டாயச் சேவை வாங்கலாம் என்று ஒரு கதவைத் திறந்து வைத்திருக்கிறது. ஆனால் சாதி பார்த்து வாங்கக்கூடாது என்று அதே மூச்சில் சொல்கிறது. அப்படியிருக்க, வரி கட்டச் சொல்லவும், கண்மாய் திறப்பதைச் சொல்லவும், ஏலம் அறிவிக்கவும் கழுத்தில் தப்பை மாட்டித் தெருத்தெருவாகத் தண்டோரா போட்டது யார்? எந்தச் சாதி? 2022 ஆகஸ்டில்தான் அப்போதைய தலைமைச் செயலாளர் வெ. இறையன்பு மாவட்ட ஆட்சியர்களுக்குக் கடிதம் எழுதி, தண்டோராவை நிறுத்துங்கள், வண்டியில் ஒலிபெருக்கி கட்டிச் சொல்லிக்கொள்ளலாம் என்றார். 7ஏ பிரிவு வந்து 46 வருடம் கழித்து. அந்தக் கடிதத்தை வரவேற்கிறேன். தண்டோரா போட்டுக்கொண்டிருந்தவருக்கு மறுநாள் என்ன வேலை என்ற கேள்வியையும் கூடவே வைக்கிறேன்.

இதுவரை சொன்னது பறையை வேலையாகப் பார்க்கிற சட்டம். சத்தமாகப் பார்க்கிற சட்டம் இன்னொன்று. இங்கே அரசின் காது கூர்மையாக இருக்கிறது. 2000ஆம் ஆண்டு ஒலி மாசுக் கட்டுப்பாட்டு விதிகள் வந்தன. குடியிருப்புப் பகுதியில் பகலில் 55 டெசிபல், இரவில் 45. ராத்திரி பத்திலிருந்து காலை ஆறுவரை ஒலிபெருக்கிக்குத் தடை. அதே வருசம் சென்னைப் பெந்தெகொஸ்தே சபை ஒன்றின் வழக்கில், மேளம் கொட்டியோ ஒலிபெருக்கி வைத்தோ அடுத்தவர் நிம்மதியைக் கெடுத்துத்தான் கும்பிட வேண்டும் என்று எந்த மதமும் சொல்லவில்லை என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. அதற்கும் முன்னால், 1883இல், சேலத்தில் பள்ளிவாசல் வழியே மேளத்தோடு போன இந்து ஊர்வலத் தகராறில், எந்தப் பிரிவினரும் பொதுத்தெருவில் ஊர்வலம் போகலாம், மாஜிஸ்திரேட் ஒழுங்குபடுத்தலாம் என்று சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு சொல்லிவிட்டது. பொதுத்தெரு எல்லாருக்கும் பொது என்கிற சேலத்துத் தீர்ப்பு 1931இல் ராமநாதபுரத்துச் சேரிக் கல்யாணத்துக்கு ஏன் வந்து சேரவில்லை? பொதுத்தெரு என்ற சொல்லில் இருந்த ‘பொது’ நம்மைச் சேர்க்காமல் போட்ட கணக்கு என்பதைத் தவிர வேறு விடை எனக்குக் கிடைக்கவில்லை.

2004இல் தொடங்கிய மதுரைக் கிளைக்கு வருவோம். திருவிழாக் காலத்தில் ஆடல் பாடல் நிகழ்ச்சிக்குப் போலீஸ் அனுமதி மறுத்தது என்று மனுக்கள் குவியும். நிபந்தனையோடு அனுமதி கிடைக்கும். பல உத்தரவுகளில் அந்த நிபந்தனைகள் ஒரே மாதிரி இருக்கும்: ஆபாசம் கூடாது, இரட்டை அர்த்தப் பாட்டுக் கூடாது, எந்தக் கட்சியையோ மதத்தையோ சமூகத்தையோ சாதியையோ தொடுகிற பாட்டும் ஆட்டமும் கூடாது. முதல் பார்வைக்கு நியாயமாகத்தான் தெரிகிறது. 1992இல் வந்த ‘தேவர் மகன்’ படத்துப் பாட்டைச் சேரியைப் பார்த்துக் கட்டிய குழாயில் திரும்பத் திரும்பப் போட்டால் அது பாட்டா, மிரட்டலா என்பது எங்கள் பக்கத்துச் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். அதைத் தடுக்க ஒரு நிபந்தனை வேண்டும்தான்.

ஆனால் ‘சாதியைத் தொடுகிற பாட்டு’ என்ற சொற்களைக் கவனியுங்கள். சாதிப் பெருமை பாடுகிற பாட்டும் சாதியைத் தொடுகிறது. சாதி ஒழியவேண்டும் என்கிற பாட்டும் சாதியைத் தொடுகிறது. இன்குலாப் எழுதி கே.ஏ. குணசேகரன் ஊர் ஊராகப் பாடிய ‘மனுசங்கடா’வை ஒரு திருவிழா மேடையில் பாடினால் நிபந்தனை மீறலா இல்லையா? பந்தோபஸ்துக்கு நிற்கிற சப்-இன்ஸ்பெக்டர்தான் முடிவு செய்வார். அடிக்கிறவனையும் அலறுகிறவனையும் ஒரே ‘சத்தம்’ என்று அளக்கிற கருவி இது.

வித்தியாசம் பார்ப்பது முடியாத காரியமா என்ன? ருவாண்டாவுக்கான சர்வதேசத் தீர்ப்பாயம் சீமோன் பிகிண்டி என்ற பாடகரை விசாரித்து 2008 டிசம்பரில் 15 வருடத் தண்டனை கொடுத்தது. அவருடைய பாட்டுகள் வெறுப்புப் பிரச்சாரத்துக்குப் பயன்பட்டன என்று தீர்ப்பாயம் கண்டது. ஆனால் தண்டனை பாட்டுக்காக இல்லை. 1994 ஜூனில் சாலையில் வண்டியில் போய்க்கொண்டே, டுட்சிகளைக் கொல்லச் சொல்லி ஒலிபெருக்கியில் பேசியதற்காக. பாட்டு எப்போது எழுதப்பட்டது, யார் எங்கே எதற்காகப் போட்டார்கள், எழுதியவன் நோக்கம் என்ன என்று ஒவ்வொன்றாகப் பிரித்துப் பார்த்தார்கள். அந்தத் தீர்ப்போடு எனக்கு முழு உடன்பாடு என்று சொல்ல வரவில்லை. பாட்டை யார் யாரைப் பார்த்துப் பாடுகிறார்கள் என்று கேட்கிற பொறுமை ஒரு நீதிமன்றத்துக்கு இருக்க முடியும் என்பதற்காகச் சொல்கிறேன். ஒலிபெருக்கிக் குழாய் எந்தத் திசையைப் பார்த்துக் கட்டியிருக்கிறது என்று ஒரு நிபந்தனை எழுதினால் போதும், எங்கள் பக்கத்துத் திருவிழாச் சண்டைகள் பாதி குறையும்.

நம் கைக்கு உண்மையிலேயே உதவுகிற தீர்ப்பு கேரளத்தில் இருந்து வந்தது. 1986ஆம் ஆண்டு பிஜோ இம்மானுவேல் வழக்கு. யெகோவா சாட்சிகள் சபையைச் சேர்ந்த மூன்று பிள்ளைகள் பள்ளியில் தேசிய கீதத்துக்கு எழுந்து நின்றார்கள், பாடவில்லை. பள்ளியிலிருந்து விலக்கினார்கள். நீதிபதி ஓ. சின்னப்ப ரெட்டி இருந்த உச்ச நீதிமன்ற அமர்வு, பாடியே ஆகவேண்டும் என்று எந்தச் சட்டமும் இல்லை, விலக்கியது பேச்சுரிமைக்கும் மனசாட்சி உரிமைக்கும் எதிரானது என்று பிள்ளைகளைத் திரும்பச் சேர்க்கச் சொன்னது. பேச்சுரிமைக்குள் பேசாமல் இருக்கும் உரிமையும் அடக்கம் என்பது அதன் சாரம்.

இந்தத் தீர்ப்பை நாம் போதுமான அளவு எடுத்தாளவில்லை என்பது என் விமர்சனம். தமிழில் பறைதல் என்றாலே சொல்லுதல். அப்படியானால் பறையாமையும் ஒரு சொல்தான். தேசத்தின் பாட்டையே பாடாமல் நிற்க ஒரு பிள்ளைக்கு உரிமை உண்டென்றால், பெரியவீட்டுக் கேதத்துக்கு அடிக்காமல் நிற்க என் பெரியப்பாவுக்கு உரிமை இல்லையா? ஆனால் நம் மனுக்களில் இது எப்போதும் ‘வேலை செய்ய மறுத்தார்’ என்றே எழுதப்படுகிறது. அவர் ஒரு வேலையை மட்டும் மறுக்கவில்லை. உன் சாவின் மரியாதையை என் கையால் அறிவிக்க மாட்டேன் என்று ஒரு கருத்தைச் சொன்னார். ஊருக்கு அது நன்றாகவே விளங்கியது. அதனால்தான் கூலி பேசாமல் ஊர்விலக்கம் செய்தார்கள். (2015 திருத்தம் இந்த ஊர்விலக்கத்தையாவது பெயர் சொல்லிக் குற்றமாக்கியிருக்கிறது. அதைப் பிடித்துக்கொள்ளலாம்.)

வேலை, சத்தம் இரண்டும் போக, பறை கலை என்கிற பேச்சுக்கு வருகிறேன். இங்கே குற்றவாளிக் கூண்டில் சட்டம் மட்டும் இல்லை, நாமும் இருக்கிறோம். 1990களின் தலித் இதழ்களை நான் பின்னாளில் தேடித்தேடிப் படித்தவள். அன்றைய விவாதம் இரண்டு பக்கமாக நின்றது. பறை இழிவின் சின்னம், குளத்தில் வீசு, தீயில் போடு என்றது ஒன்று. பறை விடுதலையின் கருவி, தோளில் மாட்டு என்றது இன்னொன்று. இரண்டாவது பக்கத்துக்கு மதுரை ஒரு முக்கியமான களம். அரசரடி தமிழ்நாடு இறையியல் கல்லூரியில் தியாபிலஸ் அப்பாவு, கர்நாடக சங்கீத வாசனை அடித்த கிறித்தவப் பாட்டுகளுக்கு எதிராக நாட்டுப்புற மெட்டில் வழிபாட்டையே இயற்றினார். அங்கே தலித் ஆதார மையம் நடத்திய கலை விழாக்களில் பறை நடுமேடைக்கு வந்தது. திண்டுக்கல் சக்தி கலைக்குழுவில் இளம்பெண்கள் பறையைத் தோளில் மாட்டி ஆடினார்கள். ஆம்பளைக்கே இழிவு என்றிருந்த கருவியைப் பொம்பளைப் பிள்ளை எடுத்ததில் ரெண்டு மதில் ஒரே நேரத்தில் சரிந்தது. 2025இல் அலங்காநல்லூர் வேலு ஆசானுக்குப் பத்மஸ்ரீ கொடுத்தார்கள். அரசாங்கம் பறையைக் கலை என்று கையெழுத்துப் போட்டுவிட்டது.

வகுப்பறைத் தமிழும் பறையைக் கொண்டாடத்தான் செய்கிறது. குறிஞ்சிக்குத் தொண்டகப் பறை, முல்லைக்கு ஏறுகோட்பறை, நெய்தலுக்கு மீன்கோட்பறை என்று கருப்பொருள் நடத்துவார்கள். நான் படித்த வகுப்பில் அந்தப் பாடம் நடந்தபோது பின் பெஞ்சில் சிரிப்புச் சத்தம் கேட்டது. வாத்தியார் கேட்காத மாதிரி அடுத்த கருப்பொருளுக்குப் போனார். ரெண்டாயிரம் வருசப் பெருமைக்கும் அந்தச் சிரிப்புக்கும் நடுவில் உட்கார்ந்துதான் நான் பட்டம் வாங்கினேன்.

இழிவு என்பாரும் விடுதலை என்பாரும் ஒரே இடத்தில் சறுக்குகிறார்கள் என்று படுகிறது. இருவருமே அர்த்தத்தைக் கருவிக்குள் தேடுகிறார்கள். மாட்டுத்தோலுக்குள்ளும் வேப்பமரச் சட்டத்துக்குள்ளும் இழிவும் இல்லை, விடுதலையும் இல்லை. மேலூர்ப் பக்கம் ஒரு முதிய ஆட்டக்காரரிடம் அடிக்குச்சியையும் சிண்டுக்குச்சியையும் காட்டி இதைக் கேட்டேன். “தாயி, குச்சியில ஒண்ணும் இல்ல. ‘வாடா’ன்னு கூப்பிடுறதுக்கும், ‘வாங்கண்ணே, என்ன கேக்குறீக’ன்னு கூப்பிடுறதுக்கும் நடுவுலதான் எல்லாம் கெடக்கு” என்றார். அவர் பேரன் இப்போது ஒரு செட்டு வைத்திருக்கிறான். முன்பணம் வாங்கிக்கொண்டு கல்லூரி விழாவுக்கும் கட்சி மாநாட்டுக்கும் போகிறான். கேதத்துக்கும் போகிறான், பிடிக்காத தெருவுக்குப் போவதில்லை. சட்டம் பார்க்கவேண்டிய இடம் இதுதான். அந்தப் பையன் முன்பணத்தைத் திருப்பிக் கொடுத்தால் வாங்கிக்கொள்வார்களா, மந்தையில் போட்டு முளைக்க விடுவார்களா?

இந்திய அரசு 1979இல் சேர்ந்த பொருளாதார, சமூக, பண்பாட்டு உரிமைகள் உடன்படிக்கையின் 15ஆம் உறுப்பு, பண்பாட்டு வாழ்வில் பங்கு கொள்ளும் உரிமையை எல்லாருக்கும் தருகிறது. அதைப் பாடமாக எழுதுகிறவர்கள் பங்கு கொள்ள மறுக்கும் உரிமையையும் சேர்த்து எழுதட்டும். பங்கு கொள்ளாதே என்ற 1931ஆம் வருசத்துத் தடையும், பங்கு கொண்டே தீரவேண்டும் என்ற களத்துமேட்டு நெல்லும் ஒரே ஊரில், ஒரே ஆளின் மேல் வந்து விழுந்தவை. வன்கொடுமைச் சட்டத்தை அடுத்தமுறை திருத்துகிறபோது கல்யாண ஊர்வலம், குதிரை என்கிற வரியில் மேளம் என்று ஒரு சொல்லும், குழி வெட்டுதல் என்கிற வரியில் பறையடித்தல் என்று ஒரு சொல்லும் சேர்த்தால் போதும். இரண்டே சொல்.

அதுவரை, உண்மையறியும் குழுக்களில் போகிற மாணவர்களுக்கு ஒன்று. கேதத்துக்கு அடிக்க மறுத்து அடி வாங்கியவர்களின் புகார் பெரும்பாலும் ‘முன்விரோதம் காரணமாக வாய்த்தகராறு ஏற்பட்டு’ என்றுதான் எஃப்.ஐ.ஆரில் ஏறுகிறது. கூப்பிட வந்தது யார், என்ன சொல்லிக் கூப்பிட்டார், களத்து நெல் எத்தனை மரக்கால், கடைசியாக எந்த வருசம் வாங்கியது, திருப்பிக் கொடுத்தபோது என்ன நடந்தது என்பதையெல்லாம் புகார் மனுவிலேயே எழுத வையுங்கள். தப்பு என்று எழுதாதீர்கள், படிக்கிறவர் குற்றம் என்று புரிந்துகொள்வார். பறை என்றே எழுதுங்கள்.